பனியாற்றின் மேல் நடக்க அப்பாவை அழைத்துப் போகலாமா?

கேள்வி: 2025 பிப்ரவரி 15, பர்கூரிலிருந்து ஒரு வாசகர்

அப்பாவுக்கு 61 வயது. கிரானைட் குவாரியில் முப்பது ஆண்டுகள் துளைபோடும் இயந்திரம் ஓட்டியவர். அக்கா குடும்பத்தோடு கோபன்ஹேகனில் இருக்கிறார். மே மாதக் கடைசியில் அங்கே போகிறோம். அங்கிருந்து நான்கு நாட்கள் ஐஸ்லாந்து. வழிகாட்டியுடன் பனியாற்றின் மேல், அதாவது மலையிலிருந்து மெல்ல நகர்ந்து இறங்கும் பெரும் பனித்திரளின் மேல், நடக்கும் மூன்று மணி நேரப் பயணம் இருக்கிறது, முதல் முறை வருபவர்களுக்கும் ஏற்றது என்று விளம்பரம் சொல்கிறது. அப்பாவுக்கு ஆசை, அம்மாவுக்குப் பயம். எங்கள் வீட்டில் யாரும் பனியைக் கண்ணால் பார்த்ததில்லை. முதல் முறை வருபவர்களுக்கு ஏற்றது என்பது உண்மையா, ஆள் சேர்ப்பதற்காகச் சொல்வதா? போய்வந்தவர்கள் சொல்லுங்கள்.

2025 பிப்ரவரி 15, இரவு 9.40

உண்மைதான் தம்பி. அழைத்துப் போங்கள்.

நான் காவேரிப்பட்டணம் பக்கம் ஓர் அரசு நடுநிலைப் பள்ளியில் அறிவியல் ஆசிரியை. 2023 காலாண்டு விடுமுறையோடு ஈட்டிய விடுப்பையும் சேர்த்து, சுவீடனில் படிக்கும் மகளைப் பார்க்கப் போனோம். அவள்தான் ஐஸ்லாந்துக்கும் டிக்கெட் எடுத்திருந்தாள். அப்போது எனக்கு 53, கணவருக்கு 58. மூவரும் சோல்ஹெய்மயோகுல் என்ற பனியாற்றில் நடந்தோம். நீங்கள் சொல்லும் மூன்று மணி நேரப் பயணம் அநேகமாக அதுவாகத்தான் இருக்கும். ரெய்க்யவிக்கிலிருந்து காரில் இரண்டு மணி நேரம்.

அம்மாவிடம் முதலில் இதைச் சொல்லுங்கள். பனி என்றதும் இமயமலை, மூச்சுத்திணறல், ஆக்சிஜன் உருளை என்று நினைத்துவிடுகிறோம். அந்தப் பனியாற்றின் முகப்பு கடல் மட்டத்திலிருந்து 100 மீட்டர் அளவில்தான் இருக்கிறது. நம் கிருஷ்ணகிரியோ 500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. பர்கூரிலிருந்து அங்கே போகிறவர் உண்மையில் கீழே இறங்குகிறார்.

மற்றதை நாளை எழுதுகிறேன். பத்தாம் வகுப்புத் திருப்புதல் தேர்வுக்கு மேற்பார்வைப் பணி போட்டிருக்கிறார்கள்.

2025 பிப்ரவரி 16, காலை

அந்த மூன்று மணி நேரமும் பனி மேல் நடப்பதில்லை. இதை யாரும் எங்களுக்கு முன்னதாகச் சொல்லவில்லை. கார் நிறுத்துமிடத்தில் தலைக்கவசம், இடுப்புவார், பனிக்கோடாரி, காலணிக்கு அடியில் மாட்டும் கிராம்பான் ஆகியவற்றைக் கொடுத்து அளவு சரிபார்க்கிறார்கள். அதற்கே அரை மணி நேரம் போய்விடுகிறது. பிறகு ஓர் ஏரியின் ஓரமாகச் சரளைக்கல் பாதையில் அரை மணி நடை. பனியின் விளிம்புக்கு வந்த பிறகுதான் கிராம்பானை மாட்டுவார்கள். பனி மேல் இருப்பது ஒரு மணி, மிஞ்சினால் ஒன்றரை மணி. பிறகு அதே வழியில் திரும்ப வேண்டும்.

கிராம்பான் என்பது பத்துப் பன்னிரண்டு இரும்பு முட்கள் உள்ள சட்டம். மாட்டியதும் கால் கனக்கும். எங்கள் வழிகாட்டி இளம்பெண், என் மகளைவிட இரண்டு மூன்று வயது மூத்தவளாக இருப்பாள். ஒவ்வொருவரின் காலடியிலும் மண்டியிட்டு, வாரை இழுத்துப் பார்த்த பிறகே எழுந்தாள். பதினோரு பேர், இருபத்திரண்டு கால்கள். ஒரு காலைக்கூட அவள் விடவில்லை. எனக்கு இருந்த பயத்தில் பாதி அப்போதே போய்விட்டது.

நடக்கும் முறையை ஐந்து நிமிடம் சொல்லித் தருகிறார்கள். கால்களை அகட்டி வைக்க வேண்டும். பாதம் முழுவதும் ஒரே நேரத்தில் பதிய வேண்டும். குதிகால் முதலில், விரல் பிறகு என்று நாம் தரையில் நடப்பதுபோல் நடக்கக் கூடாது. எருமை சேற்றில் கால் வைப்பதைப் பார்த்திருப்பீர்கள், அந்த நிதானம் வேண்டும். முதல் இருபது அடிகள் உடம்பு நம்ப மறுக்கிறது. பிறகு முட்கள் பனியைக் கவ்விக்கொள்வது உள்ளங்காலுக்கே தெரிகிறது. கல்கண்டைக் கடிப்பதுபோல் நறுக் நறுக்கென்று சத்தம் கேட்கும். பளிங்குத் தரைபோல் வழுக்கும் என்று நினைத்துப் போனேன். மேற்பரப்பு அப்படி இல்லை. வெயிலில் வெந்து பொரிந்துபோன வெள்ளை ஓடு அது, சொரசொரப்பாகத்தான் இருக்கிறது.

அவள் முன்னால் போவாள். சரிவு வரும் இடத்தில் கோடாரியால் படி வெட்டுவாள். நாங்கள் ஒருவர் பின் ஒருவராக அந்தப் படியில் கால் வைப்போம். உங்கள் அப்பாவின் வேலையை வைத்துச் சொல்கிறேன், செங்குத்தான கல்லில் எங்கே கால் வைப்பது என்று முப்பது ஆண்டுகள் பார்த்தவருக்கு இது பழகிய கண்தான்.

2025 பிப்ரவரி 16, மாலை

காலையில் எழுதியதில் முக்கியமான ஒன்றை விட்டுவிட்டேன்: காலணி. கணுக்காலை மூடும், அடிப்பாகம் வளையாத காலணி இல்லையென்றால் கிராம்பான் நிற்காது. ஓடுவதற்கான காலணியோடு வந்த ஒருவரைத் திருப்பி அனுப்பி வாடகைக் காலணி எடுத்து வரச் சொன்னார்கள்.

நானும் வாடகைக் காலணிதான் எடுத்தேன். மெல்லிய காலுறையோடு போட்டுப் பார்த்துச் சரி என்றேன். கடைக்காரரும் சரி என்றார். பிறகு கம்பளிக் காலுறை போட்டதும் இறுகிவிட்டது. மாற்றக் கேட்கத் தயக்கம், வரிசையில் பத்துப் பேர் காத்திருந்தார்கள். ஏறும்போது ஒன்றும் தெரியவில்லை. இறங்கும்போது ஒவ்வோர் அடிக்கும் பெருவிரல் முன்னால் போய் மோதியது. இரண்டு நகங்களும் கறுத்து, பொங்கல் வரைக்கும் அப்படியே இருந்தன. அப்பாவுக்கு எடுக்கும்போது கனமான காலுறையோடு போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். படிக்கட்டில் நான்கு படி இறங்கிப் பார்க்கச் சொல்லுங்கள். வரிசை காத்திருக்கட்டும்.

2025 பிப்ரவரி 18

உடை பற்றி இரண்டு பேர் கேட்டிருக்கிறீர்கள். பருத்தி வேண்டாம், ஜீன்ஸ் வேண்டவே வேண்டாம். நமக்குப் பருத்திதான் உயிர், ஆனால் நனைந்தால் காயாமல் உடம்புச் சூட்டை உறிஞ்சிவிடும். உள்ளே கம்பளி, வெளியே மழை புகாத சட்டையும் காற்சட்டையும் போதும். காற்சட்டையின் அடிப்பாகம் தொளதொளவென்று இருந்தால் ஒரு காலின் முள் மறு காலின் துணியில் மாட்டி ஆளைக் குப்புறத் தள்ளிவிடும். சுடிதார் அணியும் சகோதரிகள் காலோடு ஒட்டிய கம்பளிக் காற்சட்டைக்கு மாறிக்கொள்ளுங்கள். கையுறை கட்டாயம், குளிருக்காக மட்டும் அல்ல. விழுந்து கை ஊன்றினால் அந்தப் பனி உடைந்த கண்ணாடியைப்போல் தோலைக் கிழித்துவிடும்.

சாப்பிட நாங்கள் கொண்டுபோனது கடலை உருண்டை. குளிரில் அதைவிட நல்ல பண்டம் இல்லை.

2025 பிப்ரவரி 21

ஓசூர் நண்பர் ஒருவர் எழுதியிருக்கிறார்: வழிகாட்டி என்பதெல்லாம் பணம் பறிக்கும் ஏற்பாடு, கிராம்பானை வாடகைக்கு எடுத்து நாமே போய்வரலாம், பனியாறு யாருடைய வேலிக்குள்ளும் இல்லை என்று. இதைப் படித்துவிட்டு என்னால் சும்மா இருக்க முடியவில்லை.

ஐயா, நீங்கள் ஒகேனக்கல் போயிருப்பீர்கள். பரிசலில் ஏறியதும் பரிசல்காரர் என்ன செய்கிறார்? யார் எந்தப் பக்கம் உட்கார வேண்டும் என்று சொல்கிறார். எழுந்தால் அதட்டுகிறார். எந்தப் பாறைக்கு அடியில் சுழல் இருக்கிறது என்பது அவருக்குத் தெரியும், நமக்குத் தெரியாது. தண்ணீரைப் பார்த்தால் எல்லா இடமும் ஒன்றுபோலத்தான் இருக்கும். நீர்வரத்து கூடினால் மாவட்ட நிர்வாகம் பரிசலையே நிறுத்திவிடுகிறது. அங்கே ஓசூர்க்காரர் யாரும் நானே துடுப்புப் போட்டுக்கொள்கிறேன் என்று இறங்குவதில்லை.

பனியாறும் அதேதான். அது நகர்கிறது. நகரும்போது மேடு பள்ளங்களில் வளைய முடியாமல் வெடிக்கிறது. அந்த வெடிப்புகள் சில ஒரு சாண் அகலம், சில ஆளை விழுங்கும் அகலம். குளிர்காலத்தில் புதுப்பனி அவற்றின் வாயை மூடிவிடும், மேலே நின்று பார்ப்பவருக்குச் சமதளம்போலத் தெரியும். நாங்கள் போனபோது செப்டம்பர் கடைசி, புதுப்பனி இல்லை, வெடிப்புகள் கண்ணுக்குத் தெரிந்தன. அப்படியும் ஓர் இடத்தில் அவள் எங்களை நிற்க வைத்துவிட்டு முன்னால் போய்க் கோடாரிக் காம்பால் தட்டித் தட்டிப் பார்த்தாள், தலையை ஆட்டினாள், வேறு வழியாக அழைத்துப் போனாள். முந்தின நாள் அந்த வழியாகத்தான் போனார்களாம். ஒரு நாள் மழையில் மாறிவிட்டது. இதை நீங்களும் நானும் எந்த வரைபடத்தைப் பார்த்துத் தெரிந்துகொள்வோம்?

இடுப்புவார் எதற்கு என்று என் கணவர் கேட்டார். எங்கும் கயிறு கட்டவில்லையே என்பது அவர் சந்தேகம். உள்ளே விழுந்தால் உங்களைத் தூக்குவதற்குப் பிடி வேண்டுமல்லவா என்றாள் அந்தப் பெண், சிரிக்காமல். அதன் பிறகு அவர் அவளுடைய காலடித் தடத்தை விட்டு விலகவே இல்லை. பனியாற்றில் நடக்க வலு பெரிதாக வேண்டியதில்லை. சொல்பேச்சு கேட்கும் குணம் வேண்டும். உங்கள் அப்பாவைப் பற்றி முடிவு செய்ய நான் கேட்கும் ஒரே கேள்வி இதுதான் தம்பி: மகள் வயதுப் பெண் ஒருத்தி நில் என்றால் நிற்பாரா?

2025 பிப்ரவரி 22

இரண்டு திருத்தங்கள்.

நேற்று ஓசூர் நண்பரிடம் கடுமையாகப் பேசிவிட்டேன். அவர் மறுபடி எழுதியிருக்கிறார். அவர் போயிருப்பது காஷ்மீரில் சோனமார்க் பக்கம், அங்கே குதிரைக்காரர்களிடம் பட்ட அனுபவத்தில் எழுதியிருக்கிறார். அந்த வருத்தம் நியாயமானது. ஆனால் பனியாற்றில் தனியே போகலாம் என்பதை நான் இப்போதும் ஏற்கவில்லை.

அடுத்தது கோடாரி. வழுக்கினால் கோடாரியைக் குத்தி நிற்கலாம் என்று தனிச்செய்தியில் ஒருவருக்கு எழுதினேன். மகள் படித்துவிட்டுத் திருத்தினாள். அப்படி நிறுத்துவது பயிற்சி பெற்றவர்கள் செய்வது. நம்மைப் போன்றவர்களுக்கு அது கைத்தடி மட்டுமே. கூர்முனை பின்பக்கம் பார்க்க, மேல்பகுதியைப் பிடித்து ஊன்றி நடக்க வேண்டும், அவ்வளவுதான். கூட வருபவரின் முகத்துக்கு நேரே வீசாமல் இருந்தால் போதும்.

சொல்லும்போதே இன்னொன்று. பனிக்குகைப் பயணத்தையும் பனியாற்று நடையையும் குழப்பிக்கொள்ளாதீர்கள். 2024 ஆகஸ்டில் தென்கிழக்கே பிரெய்தாமெர்குர்யோகுல் என்ற பனியாற்றில் பனிச் சுவர் இடிந்து விழுந்து ஒரு சுற்றுலாப் பயணி இறந்தார். அது கோடையில் குகை பார்க்கப் போன குழு. வெயில் காலத்தில் உருகிக்கொண்டிருக்கும் கூரைக்கு அடியில் நிற்பதும், திறந்த மேற்பரப்பில் நடப்பதும் ஒன்றல்ல. மே கடைசியில் யாராவது குகைக்குள் அழைத்துப் போகிறேன் என்றால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். அம்மாவிடம் இந்தச் செய்தியை மறைக்காமல் சொல்லுங்கள். பிறகு வேறு எங்கோ படித்துத் தெரிந்துகொண்டால் உங்களை நம்ப மாட்டார்.

2025 மார்ச் 2

பனிப்பாறையா பனியாறா என்று கேட்டவருக்கு: நம் செய்தித்தாள்கள் இரண்டுக்கும் பனிப்பாறை என்றே எழுதிவிடுகின்றன. கடலில் மிதப்பதும் பனிப்பாறை, மலையிலிருந்து இறங்குவதும் பனிப்பாறை. நான் வகுப்பில் பனியாறு என்றுதான் சொல்வேன். அது ஓடுகிறது, அதுதான் அதன் உயிர். ஐஸ்லாந்து மொழியில் யோகுல் என்றால் பனியாறு. எல்லாப் பெயரிலும் கடைசியில் அது ஒட்டிக்கொண்டு வரும், நம் ஊர்ப் பெயர்களில் பள்ளி, பட்டி வருவதுபோல.

மேலே மீர்தால்ஸ்யோகுல் என்ற பெரிய பனிமூடி. அதிலிருந்து வழிந்து இறங்கும் ஒரு நாக்குதான் சோல்ஹெய்மயோகுல். அந்தப் பனிமூடிக்கு அடியில் கட்லா என்ற எரிமலை உறங்குகிறது. கடைசியாகப் பெரிய அளவில் வெடித்தது 1918-ல். பக்கத்தில் இருப்பது 2010 ஏப்ரலில் வெடித்த எய்யாஃபியட்லயோகுல். ஐரோப்பா முழுவதும் விமானங்கள் நின்றுபோனது நினைவிருக்கும். அந்தச் சாம்பலைப் பனியின் மேல் இன்றும் பார்க்கலாம். நான் வெள்ளைவெளேரென்று எதிர்பார்த்துப் போனேன், முதலில் கண்ணில் பட்டது கரிய மேடுகள். குவாரிக் கழிவு கொட்டிய இடம்போல் இருக்கிறதே என்று மனம் சோர்ந்துவிட்டது.

வழிகாட்டி கோடாரியால் ஒரு கரிய கூம்பைக் கொத்தினாள். இரண்டு விரல் கனத்துக்குச் சாம்பல், உள்ளே முழுக்கப் பனி. மெல்லிய சாம்பல் வெயிலை இழுத்துப் பனியைச் சீக்கிரம் உருக்கிவிடும். அதுவே கனமாகப் படிந்தால் குடைபோல் மறைத்து உருகவிடாது. சுற்றியுள்ள பனி உருகித் தாழ, மூடப்பட்ட பனி மட்டும் கூம்பாக நிற்கிறது. கறுப்பு வெப்பத்தை ஈர்க்கும் என்று இருபத்தைந்து ஆண்டுகளாகக் கரும்பலகையில் எழுதி வந்தவள், அதற்கு இப்படி ஒரு மறுபக்கம் உண்டு என்பதை அன்றுதான் கையால் தொட்டேன்.

நீலமும் அப்படித்தான். ஆண்டாண்டாகப் பெய்த பனியின் எடையில் காற்றுக்குமிழ்கள் நசுங்கி வெளியேற, பனி இறுகிவிடுகிறது. அதற்குள் வெகுதூரம் புகும் ஒளியில் சிவப்பைப் பனி விழுங்கிவிடும், எஞ்சும் நீலம்தான் நம் கண்ணுக்கு வருகிறது. உருகிய நீர் துளைத்து இறங்கிய கிணறு போன்ற குழி ஒன்று இருந்தது. அவள் ஒருவரின் இடுப்புவாரைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்க்க விட்டாள், பிறகு அடுத்தவர். என் முறை வந்தபோது உள்ளே பார்த்தேன். மேலே வெளிர்நீலம், கீழே போகப்போக மயில் கழுத்து, அதற்கும் கீழே இருட்டு. தண்ணீர் எங்கோ விழும் ஓசை மட்டும் வந்துகொண்டிருந்தது.

தம்பி, அப்பாவிடம் கற்களைப் பார்க்கச் சொல்லுங்கள். பனி கல்லைச் சுமந்துகொண்டு நகரும்போது அடிப்பாறையை உரசிக் கோடு கோடாகக் கீறிவிடுகிறது. ஏரிக்கரையில் அப்படிப்பட்ட பாறைகளைப் பார்க்கலாம். நம் கிருஷ்ணகிரிப் பாறைகளுக்கு ஏறத்தாழ 250 கோடி வயது. ஐஸ்லாந்தின் மிக மூத்த பாறைக்கே 1.6 கோடி ஆண்டுகள்தான். அவர் வாழ்நாளெல்லாம் துளைத்த கல்லோடு ஒப்பிட்டால் அது நேற்றுப் பிறந்த கல்.

2025 மார்ச் 3

ஆற்றில் அழுகிய முட்டை நாற்றம் வருமாமே என்று கேட்டவருக்கு: வரும். பனிக்கு அடியில் இருக்கும் எரிமலைச் சூட்டிலிருந்து கந்தக வாயு வருகிறது. 1999 ஜூலையில் அதே பனியாற்றின் அடியிலிருந்து திடீர் வெள்ளம் பாய்ந்திருக்கிறது. கட்லாவில் அசைவு தெரிந்தால் அந்தப் பகுதியில் இருக்கும் கைப்பேசிகளுக்கு எச்சரிக்கைச் செய்தி வரும். கைப்பேசியை அணைத்து வைக்க வேண்டாம்.

2025 மார்ச் 9

இதை எழுதலாமா என்று ஒரு வாரம் யோசித்தேன். பயணத்தைப் பற்றிய கேள்விக்கு இது பதில் இல்லை. ஆனால் இந்த மாவட்டத்துக்காரர்கள் படிக்கும் இடத்தில் எழுதாமல் வேறு எங்கே எழுதுவது?

பனியின் மேல் ஒரு சிற்றோடை. விரல் நீள ஆழம், நீலமான தரை, கண்ணாடித் தண்ணீர். குடிக்கலாம் என்றாள் வழிகாட்டி. புட்டியில் பிடித்துக் குடித்தேன். பல்லில் ஏறிய குளிர் காது வரை போனது. சுவையே இல்லாத நீர். உப்போ கசப்போ துளியும் இல்லை. என் நாக்கு அதை நம்பவில்லை, மறுபடி குடித்தேன்.

நான் வேலையில் சேர்ந்தது பென்னாகரம் பக்கம் ஒரு தொடக்கப் பள்ளியில். முதல் நாள் பிள்ளைகள் சிரித்தபோது பல்லில் பழுப்புக் கோடுகளைப் பார்த்தேன். பாக்கு மெல்கிறார்கள் என்று நினைத்து ஒரு பையனைக் கண்டித்துவிட்டேன். அவன் அழவில்லை, வாயை மூடிக்கொண்டான். அதன் பிறகு வகுப்பில் சிரிக்கவே இல்லை. அது புளூரைடு என்று பிறகுதான் தெரிந்தது. பாறை நீரில் கரைந்து வருவது. ஒரு லிட்டருக்கு 1.5 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் வரம்பு. நம் ஊர் ஆழ்துளைக் கிணறுகள் பல அந்த வரம்பைத் தாண்டின. அதற்காகத்தான் ஜப்பான் கடனுதவியோடு ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் வந்தது, 2013-ல் தொடங்கி வைத்தார்கள். இன்று என் பள்ளியில் சிறு பிள்ளைகளின் பற்கள் வெள்ளையாக இருக்கின்றன. அந்தப் பையனுக்கு இப்போது நாற்பது வயதை நெருங்கியிருக்கும்.

திரும்பி நடக்கும்போது வழிகாட்டியிடம் இதைச் சொன்னேன், மகள் மொழிபெயர்த்தாள். அந்தப் பெண் நின்றுவிட்டாள். அவர்கள் நாட்டில் 1783-ல் லாகி என்ற எரிமலைப் பிளவு வெடித்து எட்டு மாதம் உமிழ்ந்ததாம். சாம்பலோடு வந்த புளூரின் புல்லில் படிந்தது. அந்தப் புல்லைத் தின்ற ஆடுமாடுகளில் பாதிக்கு மேல் செத்தன, பின்னால் வந்த பஞ்சத்தில் மக்களில் ஏறத்தாழ ஐந்தில் ஒருவர் மாண்டனர். 2010-ல் சாம்பல் விழுந்தபோதும் அங்குள்ள உழவர்கள் ஆடுகளையும் குதிரைகளையும் கொட்டகைக்குள் அடைத்தார்கள், அதே பயம்தான். அவளுடைய பாட்டி வீட்டில் ஆட்டின் பல்லைப் பார்க்கும் வழக்கம் இருந்ததாம்.

எங்கோ வடதுருவத்துக்குப் பக்கத்தில், பனியின் மேல் நின்றுகொண்டு, தருமபுரிப் பிள்ளைகளின் பல்லையும் ஐஸ்லாந்து ஆட்டின் பல்லையும் பற்றி இரண்டு பெண்கள் பேசிக்கொண்டிருந்தோம். மற்ற ஒன்பது பேரும் பொறுமையாக நின்றார்கள். என் பயணத்தில் எனக்கு மிஞ்சியது அந்தப் பத்து நிமிடம்தான்.

2025 மார்ச் 21

இன்று உலகப் பனியாறுகள் நாள். முதன்முறையாக இந்த ஆண்டுதான் கடைப்பிடிக்கிறார்கள், 2025-ஐயே பனியாறுகளைக் காக்கும் ஆண்டாக ஐ.நா. அறிவித்திருக்கிறது.

தளி நண்பர் கேட்ட கேள்விக்கு இத்தனை நாள் பதில் எழுதாமல் இருந்தேன். விமானம் விடும் புகையால்தானே அது உருகுகிறது, அதைப் பார்க்க விமானத்தில் போவது சரியா என்கிறார். அது என்னையும் உறுத்துகிறது. ஓக் என்ற பனியாறு நகரும் அளவுக்குக் கனம் இல்லாமல் மெலிந்துவிட்டதால் 2014-ல் அதைப் பனியாறுகளின் கணக்கிலிருந்து நீக்கினார்கள். 2019 ஆகஸ்டில் அங்கே ஒரு நினைவுப் பலகை வைத்தார்கள். நாங்கள் சரளைக்கல்லில் அரை மணி நடந்தோமே, ஏரியின் ஓரமாக, அந்த ஏரி இருக்கும் இடத்தில் இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில் பனி இருந்தது. மகள் அதைச் சொன்னபோது நான் தண்ணீரையே பார்த்துக்கொண்டு நடந்தேன்.

சரி என்று என்னால் சொல்ல முடியவில்லை. பிள்ளையைப் பார்க்கப் போன பயணத்தோடு சேர்த்துப் போனேன். அதற்காகவே தனியாக இன்னொரு முறை போக மாட்டேன். கணவர் அலாஸ்கா என்று ஒருமுறை ஆரம்பித்தார், வேண்டாம் என்றேன். பர்கூர்த் தம்பிக்கும் அதைத்தான் சொல்வேன். அக்கா வீட்டுக்கு எப்படியும் போகிறீர்கள், அந்தப் பயணத்திலேயே பார்த்துவிட்டு வாருங்கள். பார்த்ததை இங்கே வந்து சொல்லுங்கள்.

அந்தப் பனியாற்றுக்கு மேற்கே இருக்கும் ஒரு பள்ளியின் மாணவர்கள் 2010 முதல் ஒவ்வோர் ஆண்டும் போய் அது எவ்வளவு பின்வாங்கியிருக்கிறது என்று அளக்கிறார்கள். என் ஏழாம் வகுப்புப் பிள்ளைகளின் வயதுதான் அவர்களுக்கும். இதைக் கேட்டதிலிருந்து எனக்குத் தூக்கம் கெட்டது.

2025 ஏப்ரல் 6

முழங்கால் பற்றி. ஏறுவதற்குப் பயிற்சி எடுக்க வேண்டாம், இறங்குவதற்கு எடுங்கள். கிருஷ்ணகிரிக் கோட்டை மலையில் வாரம் இரண்டு நாள், வெயில் ஏறுவதற்குள், மெதுவாக இறங்கிப் பழகினால் போதும். நாங்கள் ஆறு வாரம் இராயக்கோட்டை மலையில் நடந்தோம். ஐஸ்லாந்தில் தொடை வலி எங்களுக்கு வரவில்லை, கூட வந்த இளைஞர்கள் இருவருக்கு வந்தது. முழங்கால் தேய்மானம் இருந்தால் மருத்துவரைக் கேளுங்கள், என்னைக் கேட்காதீர்கள்.

2025 ஏப்ரல் 7

மருத்துவக் காப்பீடு எடுக்கும்போது பனியாற்று நடை அதில் அடங்குமா என்று படித்துப் பாருங்கள். விசாவுக்காக எடுக்கும் சாதாரணக் காப்பீட்டில் சில நேரம் அது விலக்கப்பட்டிருக்கும். மேலும், நான்கு நாளில் கடைசி நாளுக்கு நடையைப் பதிவு செய்யாதீர்கள். எங்கள் முதல் பதிவு காற்றால் ரத்தானது, மறுநாள் இடம் இருந்ததால் பிழைத்தோம்.

2025 ஜூன் 3

தம்பி அழைத்தார். போய்வந்துவிட்டார்கள்! ஒரு மணி நேரம் பேசினோம்.

அப்பா நில் என்றால் நின்றாராம். நான் பயந்தது அதற்குத்தான், அதனால் முதலில் அதைத்தான் கேட்டேன். நடையில் ஒரு சிரமமும் இல்லை. கிராம்பான் மாட்டிய ஐந்தாவது நிமிடத்தில் வழிகாட்டிக்கு அடுத்து நடக்கத் தொடங்கியவர், கடைசி வரை அந்த இடத்தை யாருக்கும் விடவில்லையாம். அவன் படி வெட்டும்போது கோடாரியை எந்தக் கோணத்தில் இறக்குகிறான் என்று பார்த்துக்கொண்டே இருந்திருக்கிறார். திரும்பும் வழியில் மகனை விட்டுக் கேட்கச் சொல்லி, ஒரு படியைத் தானே வெட்டியிருக்கிறார். அந்த இளைஞன் அதில் ஏறி நின்று பார்த்துவிட்டுத் தோளைத் தட்டினானாம்.

நான் ஒன்றில் தவறிவிட்டேன். காற்றைப் பற்றி நான் சரியாக எச்சரிக்கவில்லை என்கிறார் தம்பி. கார்க் கதவைத் திறக்கும்போது காற்று பிடுங்கிக்கொண்டது, கதவின் கீல் வளைந்துவிட்டது, வாடகை நிறுவனத்துக்குப் பணம் கட்ட நேர்ந்தது. காற்று வரும் திசையை நோக்கி வண்டியை நிறுத்தி, கதவை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு திறக்க வேண்டும். எனக்குத் தெரிந்தும் எழுத மறந்தேன். வருந்துகிறேன் தம்பி.

அம்மா கடைசி நேரத்தில் தானும் வருகிறேன் என்று ஏரிக்கரை வரை நடந்து வந்து, அங்கே ஒரு பாறையில் உட்கார்ந்திருந்தாராம். அப்பா திரும்பி வந்ததும் அந்தப் பாறையின் கீறல்களைத் தடவிப் பார்த்திருக்கிறார். இது துளைபோட்ட கல் இல்லை, இழைத்த கல் என்றாராம். படம் அனுப்பச் சொல்லியிருக்கிறேன்.

2025 ஜூலை 12

படம் வந்தது. ஏழாம் வகுப்பில் காட்டினேன். கீறல் எந்தத் திசையில் போகிறதோ அந்தத் திசையில்தான் பனி நகர்ந்ததா என்று ஒரு மாணவி கேட்டாள். ஆம் என்றேன். போகும் திசையா வந்த திசையா என்பது எப்படித் தெரியும் என்றாள். அதற்குப் பாறையின் வடிவத்தைப் பார்க்க வேண்டும், பனி ஏறிவந்த பக்கம் வழுவழுப்பாகவும் இறங்கிய பக்கம் பிய்ந்தும் இருக்கும். தம்பி, பாறை முழுவதும் தெரிகிற மாதிரி தள்ளி நின்று எடுத்த படம் இருந்தால் அனுப்புங்கள்.

நேற்று மாலை பிள்ளைகளை ஊர் ஏரிக்கு அழைத்துப் போனோம். தலைமையாசிரியர் அனுமதி கொடுத்தார், இரண்டு பெற்றோர் கூட வந்தார்கள். மதகுக்குப் பக்கத்தில் நகராத ஒரு பாறையில் வண்ணத்தில் குறி போட்டோம். அங்கிருந்து நீரின் விளிம்பு வரை அளவுநாடா பிடித்தார்கள். 41 மீட்டர் 30 சென்டிமீட்டர். இருமுறை அளந்தார்கள், இரண்டாவது முறை 41.20 வந்தது. எதை எழுதுவது என்று சண்டை. இரண்டையும் எழுதி, அளந்தவர்கள் பெயரையும் எழுதச் சொன்னேன். அடுத்த அளவு ஆகஸ்ட் இரண்டாவது வெள்ளிக்கிழமை.